பியோனிக்கு மண் அணைத்த வருடம்

எண்பத்தாறில் சுவிசுக்கு வந்த பிள்ளைகளே, உங்களுக்கு இது தெரியும். அகதிக் காம்ப் என்று எங்களை விட்ட இடம் நிலத்துக்குக் கீழே இருந்தது. யுத்தம் வந்தால் ஒளிக்க என்று சுவிஸ்காரர் கட்டி வைத்த பங்கர். யுத்தத்தில் இருந்து ஓடி வந்த எங்களை அதற்குள் விட்டார்கள். மூன்று தட்டுக் கட்டில். யன்னல் இல்லை. காற்று ஒரு குழாயால் வரும். அந்தக் குழாயின் இரைச்சலை உங்களில் ஒருவரும் மறந்திருக்க மாட்டீர்கள்.

நானும் அம்மாவும் அதற்குள் ஐந்து மாதம் இருந்தோம். அப்பா எங்களுக்கு ஒரு வருடம் முந்தி வந்தவர். லாங்கன்தாலில் ஒரு சாப்பாட்டுக் கடையில் சட்டி கழுவினார்.

நான் சொல்ல வந்தது பங்கர் கதை இல்லை. அதற்குள் திரும்பிப் போக வேண்டி வருமோ என்று நாங்கள் பயந்திருந்த ஒரு வசந்தத்தின் கதை. எனக்கு அப்போது பதினொரு வயது. அந்த வசந்தத்தில் நான் ஒரு பொய் சொன்னேன். ஒன்று என்று சொல்வதும் பொய்தான். பல.

லாங்கன்தாலுக்குப் பக்கத்துக் கிராமத்தில் எங்களுக்கு வீடு கிடைத்தது. இரண்டு தட்டு வீடு. கீழே வீட்டுக்கார அம்மா தனியே இருந்தார். அறுபத்தெட்டு வயது. கணவர் இறந்து ஆறு வருடம். மேல் தட்டில் இரண்டு அறையும் ஒரு குசினியும். தேவாலயத்துப் பாஸ்டர் கேட்டபடியால் எங்களுக்குத் தந்தார். அந்தக் கிராமத்தில் வேறு ஒருவரும் தந்திருக்க மாட்டார்கள்.

வாடகைப் பத்திரம் எழுதவில்லை. முதல் நாளே வாசலில் வைத்துச் சொல்லிவிட்டார். அவர் ஜெர்மனில் சொன்னதை நான் இங்கே தமிழில் எழுதுகிறேன்.

“பெந்தெகொஸ்தே பெருநாள் வரை இருங்கள். எனக்கு இடுப்பு ஏலாது. தோட்டத்தை உன் அப்பா பார்க்கட்டும். பிறகு பத்திரம் எழுதுவதா இல்லையா என்று சொல்கிறேன்.”

நான் அப்பாவுக்குச் சொன்னேன். பாஷை எனக்குத்தான் கொஞ்சம் பிடிபட்டிருந்தது. அப்பா தலையாட்டினார். மேலே வந்ததும் அம்மாவிடம் சொன்னார்.

“போயிலைத் தோட்டம் செய்த எனக்கு உவ சோதினை வைக்கிறா.”

“வைக்கட்டும். பாஸ் பண்ணுங்கோ,” என்றார் அம்மா. “யன்னல் இருக்கிற வீடு.”

வீட்டின் தெற்குச் சுவரோடு நீளமாக ஒரு பாத்தி. அதில் ஒன்பது பியோனிச் செடி. ஊர்க்காரர் பிங்ஸ்ட்றோசன் என்பார்கள். பெந்தெகொஸ்தே றோசா. ஆனால் றோசா இனம் இல்லை. முள்ளும் இல்லை. சின்ன முட்டைக்கோவா அளவு பூ, இதழுக்கு மேல் இதழாக அடைந்திருக்கும். ஈஸ்டர் கழிந்து ஏழாம் கிழமை வரும் பெந்தெகொஸ்தேயை ஒட்டிப் பூக்கும். மாரிக் குளிரில் நிலத்துக்கு மேல் ஒன்றும் இராது. செத்தது என்று நினைப்பீர்கள்.

அவை அந்த அம்மாவின் கணவர் கல்யாணம் முடித்த வருடம் வைத்த செடிகள். ஒவ்வொரு பெந்தெகொஸ்தே காலையும் அந்த அம்மா ஒரு வாளி பூ வெட்டி அவருடைய கல்லறைக்குக் கொண்டு போவார். இதை எங்களுக்குப் பாஸ்டர்தான் சொன்னார். அந்த அம்மாவாகச் சொல்லவில்லை.

கடைக் குசினியில் அப்பாவை எல்லோரும் நீ என்றுதான் கூப்பிட்டார்கள். பதினெட்டு வயதுப் பொடியனும் நீ. அப்பாவுக்கு நாற்பத்திரண்டு. திங்கட்கிழமை கடை பூட்டு. திங்கட்கிழமை மட்டும் அப்பா நிமிர்ந்து நடப்பார். தோட்டத்துக்குள். வீட்டுக்கார அம்மா தன் கணவரின் றப்பர் சப்பாத்தைக் கொடுத்திருந்தார். இரண்டு அளவு பெரிது. நுனியில் பேப்பர் அடைத்து போட்டுக்கொண்டு நடப்பார். டப், டப் என்று சத்தம் கேட்கும். அந்தச் சத்தம் கேட்டால் எனக்கு வயிற்றுக்குள் நிம்மதியாக இருக்கும்.

மாசியில் அம்மாவுக்கு வயிறு தெரியத் தொடங்கியது. பங்குனியில் வீட்டுக்கார அம்மா இடுப்புச் சத்திரசிகிச்சைக்குப் போக ஆயத்தமானார். ஆஸ்பத்திரியில் சில கிழமை, பிறகு துன் ஏரிப் பக்கம் ஒரு சுகநிலையத்தில் சில கிழமை. பெந்தெகொஸ்தேக்கு முதல் வந்துவிடுவேன் என்றார்.

போக முதல் நாள் எங்களைப் பாத்தியடிக்குக் கூப்பிட்டார். கைத்தடியால் ஒவ்வொரு செடியையும் சுற்றி ஒரு வட்டம் கீறினார். ஒரு சிவப்புத் தகர ரின்னை என் கையில் தந்தார்.

“ஒரு செடிக்கு இரண்டு கைப்பிடி. இந்த வட்டத்தில் போட்டு மெல்லக் கிளற வேண்டும். நடுவில் ஒன்றும் போடக்கூடாது. நடு இப்படியே மேலே இருக்க வேண்டும். விளங்குதா?”

சொன்னதைச் சொன்னபடி அப்பாவுக்குச் சொன்னேன். அப்பா ஓம் ஓம் என்றார். அந்த அம்மா உள்ளே போனதும் அப்பா ரின்னை வாங்கிக் குலுக்கிப் பார்த்தார்.

“ரெண்டு பிடி மாவோ? கோழிக்கோ போடுறது?”

மேலே குசினியில் வைத்து மூடியைத் திருகாணிச் சாவியால் நெம்பினோம். சாம்பல் வெள்ளைத் தூள். பழைய சுண்ணாம்பும் நாய்ப் பாயும் சேர்ந்த மணம். ரின்னில் இருந்த எழுத்தை நான் வாசித்தேன். பள்ளிக்கூடத்தில் உடம்புப் படம் பார்த்துப் படித்த சொல் ஒன்று அதில் இருந்தது.

“அப்பா, இது எலும்பு. மாட்டெலும்பு அரைச்ச மா.”

அம்மா அடுப்படியில் நின்றவர் திரும்பினார்.

“என்ன?”

“எலும்பு மா, அம்மா.”

“மூடு. மூடு அதை. சாமிப்படத்துக்கு முன்னாலை வைச்சோ துறக்கிறியள்?”

“பசளைதானே,” என்றார் அப்பா.

“எலும்பைக் கையாலை அள்ளுறது காடாத்துக்குத்தான். வயித்திலை பிள்ளையோடை இருக்கிறன். உதை அளைஞ்ச கையோடை இந்த வாசலுக்கை வராதேங்கோ.” பிறகு குரல் இறங்கிச் சொன்னார். “என்ரை தம்பிக்கு அதுகூட அள்ள ஆளில்லாமல் போச்சு.”

காடாத்து என்றால் செத்தவரை எரித்த பிறகு எலும்பு பொறுக்குவது. மாமாவை எரித்தார்களா புதைத்தார்களா என்றே எங்களுக்குத் தெரியாது.  

அப்பா ரின்னை மூடி என்னிடம் தந்தார்.

“பின்வேலிக்குக் கீழை கிடங்கு கிண்டி ஊத்திப்போட்டு வா, பிள்ளை. கையிலை பட வேண்டாம்.”

நான் ஊற்றி மூடிவிட்டு வந்தேன். வெறும் ரின்னைக் கழுவித் தோட்டக் கொட்டிலில் வைத்தேன். வந்தபோது அம்மா வாசலில் நின்றார்.

“பொம்பிளைப் பிள்ளையிட்டைக் குடுத்தனுப்ப உங்களுக்கு எப்பிடி மனம் வந்தது?” என்று அப்பாவை ஏசிக்கொண்டே என் தலையில் ஒரு சட்டித் தண்ணீர் ஊற்றினார். பங்குனிக் குளிர். வெளியில் கூரை விளிம்பில் பனிக்கட்டி தொங்கியது.

அடுத்த திங்கட்கிழமை அப்பா தனக்குத் தெரிந்த முறையில் செய்தார்.

பக்கத்து வீடு மாட்டுப் பண்ணை. பண்ணைக்காரரிடம் கையால் காட்டி எரு கேட்டார். அந்த மனிதர் சிரித்துக்கொண்டு எவ்வளவும் எடு என்று காட்டினார். ஒற்றைச் சில்லுத் தள்ளுவண்டிலில் மூன்று தடவை கொண்டு வந்தார். அன்றைய சாணகம். ஆவி பறந்தது.

“ஊரிலை எண்டா ஆறப்போட்டுத்தான் போடுவம்,” என்று எனக்கு விளக்கினார். “இந்தக் குளிருக்குப் பச்சையாய்ப் போட்டால்தான் சூடு குடுக்கும். செடியும் குளிரும்தானே.”

ஒவ்வொரு செடியின் நடுவிலும் எரு வைத்தார். பிறகு இரண்டு பக்கமும் மண்ணை வெட்டி மேலே ஏற்றி அணைத்தார். போயிலைக்கும் மிளகாய்க்கும் மண் அணைக்கிற மாதிரி. ஒன்பது மேடு. புட்டுக் குவித்தது போல வரிசையாக இருந்தது. மண்வெட்டி இல்லை. சுவிஸ்காரரின் நேர்பிடிச் சவளால்தான் செய்தார். ஒவ்வொரு மேட்டையும் அதன் பின்பக்கத்தால் தட்டித் தட்டி அழகாக்கினார்.

“அப்பா, நடுவிலை ஒண்டும் போட வேண்டாம் எண்டவ.”

“அவவுக்கு இடுப்பு ஏலாது. குனிஞ்சு அணைக்க ஏலாமல் அப்பிடிச் சொல்லுறா. வந்து பாத்திட்டு வாய் துறக்க மாட்டா, பாரன்.”

அப்பா விசிலடித்தார். இந்த நாட்டில் அவர் விசிலடித்து நான் கேட்டது அன்றுதான்.

ஒவ்வொரு ஞாயிறும் மத்தியானம் இரண்டு மணிக்கு வீட்டுக்கார அம்மா தொலைபேசி எடுப்பார். தொலைபேசி கீழ்த்தட்டு நடையில் இருந்தது. பூச்சாடிகளுக்குத் தண்ணீர் ஊற்றக் கீழ்வீட்டுத் திறப்புச் சாவி எங்களிடம் தந்திருந்தார். நான்தான் எடுப்பேன். அம்மா சுவரில் சாய்ந்து வயிற்றைப் பிடித்துக்கொண்டு பக்கத்தில் நிற்பார். கடிதம் வந்ததா, பூச்சாடிக்குத் தண்ணீர் விட்டாயா, பியோனிக்குப் பசளை போட்டாயிற்றா. போட்டாச்சு என்றேன். அது பொய் இல்லை என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

சித்திரை பிறந்தது. ஊரில் எல்லா வீட்டிலும் பியோனி முளைத்தது. செத்தல் மிளகாயை நிலத்தில் குத்தி வைத்தது போலச் சிவப்பாக வரும். பள்ளிக்கூடம் போகும் வழியில் ஒவ்வொரு வேலியாகப் பார்த்துக்கொண்டு போவேன். எங்களுடையதில் ஒன்றும் இல்லை. பிறகு மூன்று மேட்டில் வந்தது. வெளிறி, மெலிந்து.

“பிந்தி வாறது பலமாய் வரும்,” என்றார் அப்பா.

புதன்கிழமை மத்தியானத்துக்குப் பிறகு பள்ளிக்கூடம் இல்லை. அப்படியொரு புதன்கிழமை நான் வர, பண்ணை நாய் எங்கள் பின்வேலியடியில் கிண்டிக்கொண்டு நின்றது. மூக்கு முழுக்க வெள்ளை. எனக்கு உடனே விளங்கிவிட்டது. கல்லால் எறிந்தேன். அது விலகி நின்று திரும்ப வந்து கிண்டியது.

பண்ணைக்காரப் பெண் வேலியால் எட்டிப் பார்த்தார். பெரிய கை, பெரிய குரல். நாயைக் கழுத்துப் பட்டியில் பிடித்து இழுத்தார். கிடங்கில் இருந்த தூளை இரண்டு விரலால் எடுத்து மணந்தார்.

“எலும்பு மாவை யார் இங்கே கொட்டியது? நாய் விடுமா?”

 அவர் தலையைத் திருப்பித் தெற்குச் சுவர்ப் பக்கம் பார்த்தார். நாயை விட்டுவிட்டுப் பாத்திக்குப் போனார். முதலில் சிரித்தார்.

“கடவுளே, உன் அப்பா இதுகளைப் புதைத்துவிட்டாரா? ஒன்பது கல்லறை!”

பிறகு சிரிக்கவில்லை. ஒரு மேட்டுக்குள் விரலை விட்டார். மணிக்கட்டு வரை போனது. எடுத்து மணந்து பார்த்தார்.

“என் மனுஷனிடம் வாங்கிய எருவா? நான் கீரைப் பாத்திக்கு என்று நினைத்தேன். இங்கே பார் பிள்ளை. இதன் முளைக்கண் இரண்டு விரல் ஆழத்துக்குக் கீழே போனால் பூக்காது. இலை மட்டும் வரும். பச்சை எரு பட்டால் அழுகும். அப்பாவிடம் சொல்லு. இன்றைக்கே மண்ணை எடுக்கட்டும். இன்றைக்கு எடுத்தால் கொஞ்சமாவது பூக்கும். விளங்குதா?”

“விளங்குது.”

“மறக்காமல் சொல்வாயா?”

“சொல்வேன்.”

அம்மா மேல் யன்னலால் இதைப் பார்த்திருந்தார். அப்பாவிடம் சொல்லியும் இருந்தார். அடுத்த நாள் காலை அப்பா வேலைக்குப் போக முதல் தேத்தண்ணியோடு இருந்தபடி கேட்டார்.

“பண்ணைக்கார மனிசி வந்து பாத்தியடியிலை நிண்டவவாம். என்ன கதைச்சவ?”

வாயில் சொல் இருந்தது. அப்பாவின் கையைப் பார்த்தேன். சவர்க்காரத் தண்ணீரில் ஊறி விரல் நுனியெல்லாம் வெடித்திருந்தது. கோப்பையை இரண்டு உள்ளங்கையாலும் பிடித்திருந்தார். அம்மா என்னைப் பார்த்துக்கொண்டு நின்றார். வயிறு மேசை விளிம்பில் முட்டியது.

“நல்லாய் இருக்கெண்டு சொன்னவ,” என்றேன்.

அப்பா அம்மாவைப் பார்த்தார்.

“கேட்டியே? அவையளுக்கும் தெரியுது.”

“மெய்யோ?” என்றார் அம்மா. அன்று பங்கரை விட்டு வந்த பிறகு முதல் தடவையாகப் பாட்டு முணுமுணுத்தார்.

எனக்குப் பாராட்டு வேறு கிடைத்தது. அப்பா தலையைத் தடவிவிட்டுப் போனார்.

பொய்க்கு அப்பா செய்த மரியாதை திங்கட்கிழமை வந்தது. பண்ணையில் இருந்து இரண்டு வாளி மாட்டு மூத்திரம் கொண்டு வந்தார். தண்ணீர் கலந்து ஒன்பது மேட்டுக்கும் ஊற்றினார். பண்ணைக்காரியே நல்லாய் இருக்கெண்டால் இன்னும் நல்லாய்ச் செய்ய வேண்டும் என்பது அவர் கணக்கு. நான் வாளியின் மற்றப் பக்கத்தைப் பிடித்துத் தூக்கினேன். கண் எரிந்தது. மணத்தால் என்று அப்பா நினைத்தார்.

அந்த ஞாயிறு தொலைபேசி வந்தது.

“பியோனி எப்படி?”

“நல்லம்.”

“முளை வந்ததா?”

“வந்தது.”

“எத்தனை?”

“நிறைய.”

 அந்தப் பக்கம் எங்கோ ஒரு தள்ளுவண்டிலில் கோப்பைகள் ஆடும் சத்தம் கேட்டது.

“வேறு ஏதும் எனக்குச் சொல்ல இருக்கா?”

“இல்லை.”

“சரி,” என்று வைத்தார்.

“என்ன கேக்கிறா?” என்றார் அம்மா.

“சுகமோ எண்டு கேக்கிறா.”

அடுத்த ஞாயிறும் அதே கேள்வி. அதே கடைசிக் கேள்வி. அதற்கடுத்த ஞாயிறும்.  ஞாயிறு இரண்டு மணிக்கு அந்தச் சாம்பல் நிறத் தொலைபேசி அடிக்கும்போது கை வியர்க்கும். ரிசீவரைப் பாவாடையில் துடைத்துத்தான் வைப்பேன். ஆறு ஞாயிறு.

வைகாசியில் பண்ணை வீட்டுப் பியோனி மொட்டு விட்டது. பளிங்குக் குண்டு போல உருண்டை. அதில் தேன் மாதிரி ஒரு பிசின் வரும். எறும்பு மொய்க்கும். எங்களுடையதில் ஒன்பதும் முளைத்திருந்தது, ஆனால் இலை மட்டும். கரும்பச்சையாய், என் இரண்டு கை அகலத்துக்கு இலை. இரண்டு செடி அடியில் கறுத்துச் சாய்ந்தது. சாம்பல் பூத்தது போலப் பூஞ்சணம்.

ஒரு திங்கட்கிழமை அப்பா முழங்காலில் இருந்து கையால் மண்ணைக் கிண்டினார். சாய்ந்த செடியைப் பிடித்தார். அது கையோடு வந்துவிட்டது. அழுகின வாழைத்தண்டு மாதிரி. அப்பா அதைக் கொஞ்ச நேரம் வைத்துக்கொண்டு இருந்தார். பிறகு மற்ற மேடுகளையும் ஒவ்வொன்றாகக் கிண்டிப் பார்த்தார். மேலே வந்து கை கழுவினார். திரும்பத் திரும்பக் கழுவினார்.

“நான் பிழை விட்டிட்டன்,” என்றார்.

 அம்மா கட்டிலுக்குக் கீழிருந்த சூட்கேசை இழுத்தார். பிள்ளைக்கு என்று தேவாலயத்தில் தந்த சட்டைகளை முதலில் வைத்தார்.

“என்ன செய்யிறாய்?”

“கடைசி நேரம் அடுக்க எனக்கு ஏலாது. ஏழு மாசம்.”

“காம்புக்கு விடமாட்டன்.”

“நீங்கள் விடாமல்? அவையள் விடுவினம். நான் ஒண்டு சொல்லுறன், கேளுங்கோ. நிலத்துக்குக் கீழை வைச்சுப் பிள்ளை பெற மாட்டன். ரெயில்வே ஸ்ரேசனிலை பெறுவன்.”

அப்போதாவது நான் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. இனிச் சொல்லி என்ன என்று நினைத்தேன். பதினொரு வயதில் இப்படி நினைக்கப் பழகிவிட்டால் பிறகு விடுவது கஷ்டம்.

வெள்ளிக்கிழமை வீட்டுக்கார அம்மா வந்தார். பெந்தெகொஸ்தேக்கு இரண்டு நாள். அப்பா கடையில் லீவு கேட்டிருந்தார். வெள்ளைச் சேட்டுப் போட்டு, தலை வாரி, காலையில் இருந்து வாசல் படலையடியில் நின்றார். ராக்சிக் கார் வந்தது. அந்த அம்மா இரண்டு ஊன்றுகோலோடு இறங்கினார். மெலிந்திருந்தார். வீட்டுக்குள் போகவில்லை. நேரே பாத்திக்குப் போனார்.

அப்பா அவருக்கு முன்னால் போய் நின்றார்.

“சொல்லு பிள்ளை. நான் சொல்லுறதைக் குறைக்காமல் சொல்லு. இது என்ரை வேலை. போயிலைக்குச் செய்யிறதை இதுக்குச் செய்து போட்டன். அவ தந்த மாவையும் போடேல்லை. இந்தச் செடியை எனக்குத் தெரியாது. தெரியாது எண்டு ஒருதரிட்டையும் கேக்கவும் இல்லை. எங்களை வீட்டாலை எழுப்பிறதெண்டால் எழுப்பட்டும். பிள்ளை பிறக்கும் மட்டும் இருக்க விடச்சொல்லு.”

சொன்னேன்.  வீட்டுக்கார அம்மா செடிகளைப் பார்த்தபடி கேட்டார். முடிந்ததும் என் பக்கம் திரும்பினார். அப்பாவின் பக்கம் இல்லை.

“உனக்கு எப்போது தெரியும்?”

“இப்பதான்.”

“பக்கத்து வீட்டுக்காரி எனக்கு ஏப்ரலிலேயே தொலைபேசி எடுத்தாள். உன்னிடம் சொன்ன அன்றைக்கே. நான் ஆறு ஞாயிறு கேட்டேன்.”



“என்ன சொல்லுறா?” என்றார் அப்பா.

“ஆசுப்பத்திரிக் கதை,” என்றேன்.

வீட்டுக்கார அம்மா ஊன்றுகோலால் ஒரு மேட்டைத் தட்டினார்.

“இலையுதிர் காலத்தில் மிச்சம் ஏழு செடியையும் கிண்டி எடுத்து மேலே வைக்க வேண்டும். பிறகு பூக்க மூன்று வருடம் எடுக்கும்.”

அவ்வளவுதான். உள்ளே போய்க் கதவைச் சாத்தினார்.

“என்னவாம்?”

“மூண்டு வருசம் எண்டா.”

“பூவுக்கோ, எங்களுக்கோ?”

“ரெண்டுக்கும்,” என்றேன்.

அப்பா அப்படியே வாசல் படியில் இருந்துவிட்டார். முகத்தை இரண்டு கையாலும் மூடினார். தோள் குலுங்கியது. அம்மா மேலே போய்ச் சூட்கேசைத் திறந்தார். சட்டைகள் திரும்ப அலுமாரிக்குப் போகும் சத்தம் கேட்டது.

சனிக்கிழமை முழுக்க வீட்டுக்கார அம்மா வெளியே வரவில்லை. படியில் ஒவ்வொரு சத்தத்துக்கும் நான் எழும்பினேன். அப்பா ஒரு சுவிஸ்காரர் தந்த பழைய பிள்ளைக் கட்டிலைப் பொருத்தத் தொடங்கினார்.

ஞாயிறு காலை பண்ணைக்காரப் பெண் காரோடு வந்தார். வீட்டுக்கார அம்மா இலைகளை வெட்டி வாளியில் போட்டு எடுத்துக்கொண்டு ஏறினார். பூ இல்லை. இலை மட்டும். யன்னலால் பார்த்தேன். பிறகு பார்க்க முடியவில்லை.

பிந்திய இந்த வயதில்தான் எனக்குச் சிலது விளங்குகிறது. ஆறு ஞாயிறு ஒரு பிள்ளையைச் சோதித்தவர், பாஸ்டரைக் கூப்பிட்டு அப்பாவிடம் ஒரு சொல் சொல்லச் செய்திருக்கலாம். செடியும் தப்பியிருக்கும். அவருக்குச் செடியைவிட வேறு ஏதோ தெரிய வேண்டி இருந்தது. தன் மேல் தட்டில் யார் இருக்கிறார்கள் என்று. அதைத் தெரிந்துகொள்ள அவரிடம் இருந்த ஒரே வாய் என்னுடையது.

மத்தியானம் அம்மா அரிசி பொங்கிச் சர்க்கரைப் புக்கை வைத்தார். ஊர்ச் சர்க்கரை கிடைக்காது. கடையில் வாங்கிய மண்ணிறச் சீனி. உலர்ந்த திராட்சை போட்டு, சாமிக்குப் படைத்து, ஒரு கோப்பையில் அள்ளி என் கையில் தந்தார்.

“கீழை குடு. மூண்டு வருசத்துக்கும் நன்றி எண்டு அம்மா சொன்னவ எண்டு சொல்லு.”

“பேந்து குடுக்கிறன்.”

“சூடு ஆறப்போகுது. போடி.”

படியில் இறங்கினேன். பதினான்கு படி. வீட்டுக்கார அம்மா குசினிக் கதிரையில் இருந்தார். கோப்பையை மேசையில் வைத்தேன்.

“இது எதற்கு?”

சும்மா என்று சொல்லியிருக்கலாம். வாய் அதற்குப் பழகித்தான் இருந்தது. ஆனால் அந்தப் புக்கையை அவர் சாப்பிடுவதைப் பார்த்துக்கொண்டு நிற்க என்னால் முடியாது என்று தெரிந்தது.

சொன்னேன். மூன்று வருடம் எங்களுக்கும் என்று நான்தான் அப்பாவுக்குச் சொன்னேன். நீங்கள் சொல்லவில்லை. ஏப்ரலில் பண்ணைக்காரி சொன்னதையும் நான் அப்பாவுக்குச் சொல்லவில்லை. நல்லாய் இருக்கிறது என்று சொன்னேன். அப்பாவுக்கு ஒன்றும் தெரியாது.

அவர் கோப்பையைத் தொடவில்லை.

“எனக்குச் சொன்னதை மேலே போய் அவருக்குச் சொல்லு. முழுவதும். பிறகு அவரைக் கூட்டிக்கொண்டு வா. நான் இங்கேதான் இருப்பேன்.”

ஏறினேன். அப்பா நிலத்தில் இருந்து கட்டிலுக்கு ஆணி முடுக்கிக்கொண்டிருந்தார். அம்மா தலையணை உறை மடித்துக்கொண்டிருந்தார். நின்றபடியே சொன்னேன். முதலில் ஏப்ரல். பிறகு ஆறு ஞாயிறு. பிறகு மூன்று வருடம். அம்மா உறையை வாயில் வைத்து அமத்தினார். அப்பா முடுக்குவதை நிறுத்தவில்லை. அந்த ஆணி முடியு மட்டும் முடுக்கினார். எழும்பினார். அடிப்பார் என்று நினைத்தேன்.

“செருப்பைப் போடு. வா.”

படியில் பாதியில் நின்றார். எனக்குக் கீழ்ப்படியில். முகம் என் முகத்துக்கு நேரே வந்தது.

“நீ ஏப்ரலிலை சொல்லியிருந்தாலும் நான் அந்த மண்ணை எடுத்திருக்க மாட்டன். அதையும் அவவுக்குச் சொல்லு.”

வீட்டுக்கார அம்மா இருந்த இடத்திலேயே இருந்தார். அப்பா சொன்னதைச் சொன்னேன். அவர் அப்பாவைப் பார்த்தார். என்னைத் தாண்டி நேரே அவரைப் பார்த்தது அன்றுதான்.

“என் மனிதரும் எடுத்திருக்க மாட்டார்,” என்றார்.

அதையும் தமிழில் சொன்னேன். அப்பாவுக்குச் சிரிப்பு வந்தது. அடக்கினார். அவர் கதிரையைக் காட்ட, அப்பா இருந்தார்.

வீட்டுக்கார அம்மா மேசை லாச்சியில் இருந்து ஒரு பத்திரம் எடுத்தார். அச்சடித்தது. வெறுமையாய் இருந்த ஒரு கோட்டில் பேனையால் மூன்று என்று இலக்கத்தில் எழுதினார். இது வருடம் என்று என்னிடம் சொன்னார். நான் அப்பாவிடம் சொன்னேன். அப்பா என் முகத்தைப் பார்த்தார். பிறகு இலக்கத்தைப் பார்த்தார். பேனையை வாங்கித் தமிழில் கையெழுத்து வைத்தார். மெதுவாக, ஒவ்வொரு எழுத்தாக.

வீட்டுக்கார அம்மா பத்திரத்தைத் திருப்பிக் கண்ணாடிக்குக் கிட்டப் பிடித்தார்.

“இது என்ன எழுதியிருக்கிறது?”

“அப்பாவின் பெயர்.”

“நீ சொன்னால் சரி,” என்று மடித்து லாச்சிக்குள் வைத்தார்.